பணமும் நிபந்தனையும்: மரபணுத்தொகுதி ஆய்வுக்கு நிதி வந்த வழி

1985 மே மாதம் கலிபோர்னியாவின் சாண்டா குரூஸ் பல்கலைக்கழகத்தில் பத்துப் பன்னிரண்டு உயிரியலாளர்கள் கூடினார்கள். மனித மரபணுத்தொகுதி முழுவதையும் எழுத்து எழுத்தாகப் படித்துவிட முடியுமா என்பதுதான் பேச்சு. கூட்டத்தைக் கூட்டிய ராபர்ட் சின்ஷைமர் அந்தப் பல்கலைக்கழகத்தின் தலைவர். அவருக்கு இந்த யோசனை தோன்றக் காரணம் ஒரு தொலைநோக்கி.

ஐரோப்பியக் கார்களை அமெரிக்காவில் இறக்குமதி செய்து விற்ற மாக்ஸ் ஹாஃப்மன் என்பவரின் பெயரால் நடந்த அறக்கட்டளை, பத்து மீட்டர் தொலைநோக்கி ஒன்றுக்காக கலிபோர்னியப் பல்கலைக்கழகத்துக்கு 3.6 கோடி டாலர் தர முன்வந்திருந்தது. அதற்குள் கெக் அறக்கட்டளை 7 கோடி டாலருடன் குறுக்கே வந்தது. தொலைநோக்கி கெக் பெயரில் எழும் என்றானதும் ஹாஃப்மன் பணம் திரும்பிப் போனது. போன பணத்தை எப்படியாவது மீட்க வேண்டும், அதற்கு வானியலுக்கு ஈடான பெரிய கனவு ஒன்று உயிரியலில் வேண்டும் என்று சின்ஷைமர் யோசித்தார். அப்படிப் பிறந்ததுதான் மரபணுத்தொகுதி நிறுவனம் என்ற திட்டம். ஹாஃப்மன் பணம் கடைசிவரை கிடைக்கவில்லை. யோசனை மட்டும் பிழைத்துக்கொண்டது.

அறிவியல் வரலாற்றை எழுதுகிறவர்கள் கருத்து முதலில் வந்தது, பணம் பின்னால் வந்தது என்றே பெரும்பாலும் எழுதுவார்கள். மரபணுத்தொகுதி ஆய்வின் கதையில் இந்த வரிசை அடிக்கடி புரள்கிறது. கடந்த நாற்பது ஆண்டு வரலாற்றில் எவ்வளவு பணம் வந்தது என்பதைவிட, எந்த நிபந்தனையோடு வந்தது என்பதுதான் அறிவியலின் போக்கைத் தீர்மானித்தது என்று எனக்குத் தோன்றுகிறது. இந்தியா தன் சொந்தப் பணத்தை இந்தத் துறையில் போடத் தொடங்கியிருக்கும் நேரத்தில் இந்தக் கணக்கைப் பார்த்துவிடுவது நல்லது.

சாண்டா குரூஸ் கூட்டத்துக்கு வந்தவர்களில் இருவரை மறக்கக் கூடாது. ஒருவர் ஹார்வர்டின் வால்டர் கில்பர்ட். மற்றவர் இங்கிலாந்தின் ஜான் சல்ஸ்டன். மறு ஆண்டு கோல்டு ஸ்பிரிங் ஹார்பரில் நடந்த விவாதத்தில் கில்பர்ட் ஓர் எழுத்துக்கு ஒரு டாலர் என்று கணக்குப் போட்டார். 300 கோடி எழுத்து, 300 கோடி டாலர். அரங்கம் அதிர்ந்தது. அன்றைய அமெரிக்க உயிரியல் சிறு சிறு மானியங்களால் உயிர்வாழ்ந்தது. ஓர் ஆய்வாளர், இரண்டு மூன்று மாணவர்கள், ஒரு கேள்வி, சில ஆண்டுகளுக்கான பணம். இவ்வளவுதான் ஓர் ஆய்வகம். இத்தனை பெரிய திட்டம் வந்தால் அந்தச் சிறு மானியங்களை விழுங்கிவிடும் என்று டேவிட் பாட்ஸ்டீன் போன்ற உயிரியலாளர்கள் எச்சரித்தார்கள். உயிரியலில் சிறியதே நல்லது என்று 1985இல் தலையங்கம் எழுதியிருந்த புரூஸ் ஆல்பர்ட்ஸின் தலைமையிலேயே தேசிய ஆய்வு மன்றம் ஒரு குழுவை அமைத்தது. அந்தக் குழு 1988இல், ஆண்டுக்கு 20 கோடி டாலர் வீதம் 15 ஆண்டுகளுக்குப் புதிய பணமாக ஒதுக்கலாம் என்று பரிந்துரைத்தது. எதிர்ப்பாளரைத் தலைவராகப் போட்டது சாமர்த்தியமா, நேர்மையா என்று இப்போது சொல்வது கடினம். இரண்டும் சேர்ந்தே இருந்திருக்கலாம்.

முதலில் பணம் தந்தது சுகாதாரத் துறை அல்ல, அமெரிக்க ஆற்றல் துறை. அணுகுண்டு செய்த அமைப்பின் வாரிசு அது. ஹிரோஷிமாவிலும் நாகசாகியிலும் உயிர் தப்பியவர்களின் மரபணுக்களில் கதிர்வீச்சு என்ன மாற்றம் செய்தது என்று அறிய வேண்டிய தேவை அதற்கு இருந்தது. அங்கே அதிகாரியாக இருந்த சார்லஸ் டெலிசி திட்டத்தைத் தொடங்கிவிட்டார். பிறகுதான் தேசிய சுகாதார நிறுவனங்கள் விழித்துக்கொண்டு, 1988இல் ஜேம்ஸ் வாட்சன் தலைமையில் தனி அலுவலகம் திறந்தன. வாட்சன் பதவியேற்ற கையோடு, இந்த ஆய்வின் அறம், சட்டம், சமூக விளைவுகள் பற்றிய படிப்புக்கு நிதியில் 3 விழுக்காடு ஒதுக்கப்படும் என்று பத்திரிகையாளர்களிடம் அறிவித்தார். மேலிடத்தில் யாரையும் முன்கூட்டிக் கலந்ததாகத் தெரியவில்லை. பின்னர் அது 5 விழுக்காடாக உயர்ந்தது. மரபணுவைக் காட்டி வேலையையோ மருத்துவக் காப்பீட்டையோ மறுக்கக் கூடாது என்ற அமெரிக்கச் சட்டம் 2008இல் வந்தபோது, அதற்கான வாதங்களில் கணிசமானவை இந்தப் பணத்தில் வளர்ந்தவை.

சல்ஸ்டனின் பக்கத்துக் கதை வேறு. மருந்து வணிகர் ஹென்றி வெல்கம் 1936இல் இறந்தபோது தன் நிறுவனத்தின் பங்குகள் முழுவதையும் ஓர் அறக்கட்டளைக்கு விட்டுச் சென்றார். 1986 தொடங்கிப் பத்தாண்டுகளுக்குள் அந்தப் பங்குகள் விற்கப்பட்டன. வெல்கம் அறக்கட்டளை ஒரே தாவலில் உலகின் பெரும் பணக்கார அறக்கட்டளைகளில் ஒன்றானது. கேம்பிரிட்ஜை அடுத்த ஹிங்ஸ்டனில் 1993இல் திறக்கப்பட்ட சாங்கர் மையம் அந்தப் பணத்தின் பிள்ளை. சல்ஸ்டன் அதன் இயக்குநர்.

இந்தக் கட்டுரையின் மையமான நிகழ்வு 1996 பிப்ரவரியில் பெர்முடாவில் நடந்தது. வெல்கம் அறக்கட்டளையும் அமெரிக்க அமைப்புகளும் கூட்டிய சந்திப்பு அது. ஓராயிரம் எழுத்துக்கு மேல் நீளமான வரிசை கிடைத்ததும் 24 மணி நேரத்துக்குள் பொதுத் தரவுத்தளத்தில் போட்டுவிட வேண்டும் என்று சல்ஸ்டன் வெள்ளைப் பலகையில் எழுதினார். ஆய்வாளர்களுக்கு இது சாதாரண விஷயமல்ல. கட்டுரை வெளியாகும்வரை தரவைக் கைக்குள் வைத்திருப்பது அவர்களின் பழக்கம். பதவி உயர்வும் அடுத்த மானியமும் அதில்தான் இருக்கின்றன. ஆனாலும் ஒப்புக்கொண்டார்கள். ஒப்புக்கொள்ளவைத்தது நல்லெண்ணம் மட்டுமல்ல. வாட்சன் அலுவலகத்தின் வாரிசான அமெரிக்க மரபணுத்தொகுதி நிறுவனமும் வெல்கமும் இந்த விதியை மானியத்தின் நிபந்தனையாக்கின. தரவைத் தராதவருக்கு அடுத்த தவணை கிடையாது.

இதில் ஒரு சட்ட நுணுக்கமும் உண்டு. அமெரிக்காவில் அரசு மானியத்தில் செய்த கண்டுபிடிப்புக்கு, மானியம் பெற்ற பல்கலைக்கழகமே காப்புரிமை கோரலாம் என்று 1980இன் பே–டோல் சட்டம் சொல்கிறது. ஆகவே மரபணு வரிசைக்குக் காப்புரிமை கேட்காதே என்று நிதியமைப்பால் நேரடியாகத் தடுக்க முடியாது. ஆனால் ஏற்கெனவே பொதுவில் வந்துவிட்ட ஒன்றைப் புதியது என்று காட்டிக் காப்புரிமை வாங்குவது கடினம். 24 மணி நேர விதி அந்தக் கதவை ஓசையில்லாமல் சாத்தியது. காப்புரிமைச் சண்டையில் மேலதிகாரியோடு மோதி 1992இல் பதவியை விட்டு விலகிய வாட்சனால் சாதிக்க முடியாததை ஒரு மானிய நிபந்தனை சாதித்தது.

1998 மே மாதம் மரபணு ஆய்வாளர் கிரெய்க் வென்டர், இயந்திரம் தயாரிக்கும் பெர்கின் எல்மர் நிறுவனத்தின் துணையோடு, மூன்றே ஆண்டுகளில் சுமார் 30 கோடி டாலரில் வேலையை முடித்துவிடுவதாக அறிவித்தார். அதுதான் பிறகு செலரா ஆனது. அறிவிப்பு வந்த சில நாட்களில் வெல்கம் அறக்கட்டளை தன் ஒதுக்கீட்டை ஏறக்குறைய இரட்டிப்பாக்கி, மரபணுத்தொகுதியின் மூன்றிலொரு பங்கைச் சாங்கர் மையமே படித்து முடிக்கும் என்று பதில் அறிவிப்பு விட்டது. அமெரிக்கத் தரப்பு தயங்கிய நேரத்தில் வந்த இந்தப் பணம் இல்லாவிட்டால், அரசுகளும் வெல்கமும் நடத்திய பொதுத் திட்டம் அப்போதே மூடப்பட்டிருக்கக்கூடும். அமெரிக்க அரசும் பணத்தைச் சில பெரிய மையங்களில் குவித்தது. வேகம் கூடியது, சிறிய மையங்கள் ஓரங்கட்டப்பட்டன. பாட்ஸ்டீன் பயந்தது முழுவதும் பொய்யாகவில்லை.

போட்டியின் கடைசி மாதங்களில் நடந்த ஒன்றைச் சற்று நெருங்கிப் பார்க்கலாம். பொதுத் திட்டத்திடம் லட்சக்கணக்கான துண்டுகள் இருந்தன. அவற்றை ஒட்டவைக்கும் மென்பொருள் இல்லை. சாண்டா குரூஸ் பல்கலைக்கழகத்தில் ஜிம் கென்ட் என்ற முனைவர் பட்ட மாணவர் இருந்தார். அசைபடங்களுக்கு மென்பொருள் எழுதிக்கொண்டிருந்து, நாற்பது வயதை நெருங்கும்போது உயிரியலுக்கு வந்தவர். அவருடைய பேராசிரியர் டேவிட் ஹவுஸ்லர் பல்கலைக்கழகத்திடம் கேட்டு 100 பென்டியம் கணினிகளை வாங்கிவைத்திருந்தார். கென்ட் நான்கே வாரத்தில் நிரலை எழுதினார். இரவில் மணிக்கட்டுகளில் பனிக்கட்டி ஒத்தடம் வைத்துக்கொண்டு எழுதினார் என்பது அவரை அறிந்தவர்கள் சொல்லும் செய்தி. 2000 ஜூன் 22 அன்று பொதுத் திட்டத்தின் வரைவு ஒட்டிமுடிந்தது. செலரா தன்னுடையதை முடித்தது அதற்குச் சில நாட்கள் கழித்து. ஜூன் 26 அன்று வெள்ளை மாளிகையில் அதிபர் கிளின்டன், வென்டரையும் பொதுத் திட்டத்தின் தலைவர் பிரான்சிஸ் காலின்ஸையும் இருபுறமும் நிறுத்திக்கொண்டு அறிவித்தார். ஜூலை 7 அன்று சாண்டா குரூஸ் அந்த வரைவை யாரும் எடுத்துக்கொள்ளலாம் என்று இணையத்தில் போட்டது.

தொலைநோக்கிப் பணம் கைநழுவிய ஊரிலிருந்தே இது வந்தது தற்செயல்தான். ஆனால் கென்டால் அதைச் செய்ய முடிந்தது தற்செயல் அல்ல. 24 மணி நேர விதி இருந்ததால்தான், மரபணு மையம் எதையும் சேராத ஒரு மாணவரின் கைக்கு எல்லாத் துண்டுகளும் கிடைத்தன.

மாற்றுவழி என்ன செய்திருக்கும் என்பதற்கும் ஓரளவு விடை இருக்கிறது. செலரா தன் வரிசைகளைச் சில காலம் சொந்த உடைமையாக வைத்திருந்தது. பயன்படுத்த விரும்பிய நிறுவனங்கள் பணம் கட்ட வேண்டும். பொதுத் திட்டம் அதே மரபணுக்களைப் படித்து முடித்ததும் அந்தக் கட்டுப்பாடு பொருளற்றுப் போனது. அதிகம் போனால் இரண்டு ஆண்டு. அந்தக் குறுகிய காலம் செலராவின் பிடியில் இருந்த மரபணுக்களையும் இல்லாதவற்றையும் பொருளியலாளர் ஹைடி வில்லியம்ஸ் ஒப்பிட்டுப் பார்த்தார். பிடியில் இருந்தவற்றின் மேல் பின்னாளில் நடந்த ஆய்வும் அவற்றிலிருந்து உருவான பரிசோதனைகளும் 20 முதல் 30 விழுக்காடு குறைவு என்று 2013இல் வெளியிட்டார். இரண்டு ஆண்டுப் பூட்டின் தழும்பு பூட்டு திறந்த பிறகும் மறையவில்லை.

இதற்கு மாறாக, அடிக்கடி மேற்கோள் காட்டப்படும் இன்னொரு கணக்கை நான் அவ்வளவாக நம்புவதில்லை. 380 கோடி டாலர் முதலீடு 79,600 கோடி டாலர் பொருளாதார விளைவைத் தந்தது என்று அமெரிக்காவின் பேட்டல் நிறுவனம் 2011இல் சொன்னது. ஒரு டாலருக்கு 140 டாலர் திரும்பியதாக ஒபாமாவும் நாடாளுமன்ற உரையில் பேசினார். அந்த அறிக்கைக்குப் பணம் தந்தது மரபணு இயந்திரம் விற்ற லைஃப் டெக்னாலஜீஸ் நிறுவனத்தின் அறக்கட்டளை. துறையில் புழங்கிய பணம் எல்லாவற்றையும் திட்டத்தின் கணக்கில் எழுதினால் எந்தத் தொகையும் வரும். திட்டத்தைப் பாராட்ட இப்படிப்பட்ட கணக்கு தேவையில்லை.

விலை சரிந்த கதைக்கு வருகிறேன். அமெரிக்க மரபணுத்தொகுதி நிறுவனத்தின் கணக்குப்படி, 2001இல் ஒரு மனித மரபணுத்தொகுதியைப் படிக்க சுமார் 9.5 கோடி டாலர் ஆனது. 2022இல் ஏறத்தாழ 500 டாலர். இதற்கு ஒரு காரணம், 2004இல் அந்த நிறுவனம் ஆயிரம் டாலரில் ஒரு மரபணுத்தொகுதி என்ற இலக்கை அறிவித்து, வழி எதுவானாலும் சரி என்று பலதரப்பட்ட முறைகளுக்கும் மானியம் தந்தது. தோற்கும் என்று தெரிந்தே பலவற்றுக்குத் தந்தார்கள். பலவும் தோற்றன.

ஆனால் வென்ற முறை அந்த மானியத்திலிருந்து பிறக்கவில்லை. சென்னையில் 1966இல் பிறந்து குழந்தையிலேயே இங்கிலாந்து போன சங்கர் பாலசுப்ரமணியனும் டேவிட் கிளெனர்மனும் 1990களின் நடுவில் கேம்பிரிட்ஜில் வேறொரு வேலையில் இருந்தார்கள். டி.என்.ஏ.வை நகலெடுக்கும் நொதி ஒன்று எழுத்தைச் சேர்க்கும் கணத்தை ஒளிரும் சாயத்தின் துணையால் நேரில் பார்க்க முடியுமா என்பதே அவர்களின் கேள்வி. பிரிட்டனின் உயிரியல் ஆய்வுக் குழு அதற்கு ஒரு சாதாரண மானியம் தந்திருந்தது. விண்ணப்பத்தில் மலிவான மரபணு வாசிப்பு என்ற வாக்குறுதி இல்லை. ஒவ்வொரு எழுத்தும் சேரும்போது நிறம் மாறினால் அதையே வாசித்துவிடலாமே என்ற எண்ணம் 1997 கோடையில் வந்தது. துணிகர முதலீட்டோடு சோலெக்ஸா நிறுவனம் உருவானது. 2005இல் அவர்கள் முதலில் முழுமையாகப் படித்தது ஃபை எக்ஸ் 174 என்ற சிறு வைரஸ். மொத்தம் 5,386 எழுத்து. பிரெடரிக் சாங்கர் 1977இல் படித்ததும் அதே வைரஸ்தான். அந்த வைரஸின் டி.என்.ஏ.வைத் தனியே பிரித்து அதன் இயல்புகளை ஆராய்ந்தவர் சின்ஷைமர். 2007இல் இல்லுமினா நிறுவனம் சோலெக்ஸாவை சுமார் 60 கோடி டாலருக்கு வாங்கியது. இன்று உலகில் படிக்கப்படும் மரபணு வரிசைகளில் மிகப் பெரும்பகுதி இந்த வழியில் வந்தவை.

ஆக, நல்ல பலன் தந்த நிதியில் ஒரு பொதுத்தன்மை தெரிகிறது. என்ன கண்டுபிடிக்க வேண்டும் என்பதில் அது ஆய்வாளரின் கையைக் கட்டவில்லை. கண்டதை யாரோடு, எப்போது பகிர வேண்டும் என்பதில் விட்டுக்கொடுக்கவும் இல்லை. நம் ஊர் மானியங்களில் பெரும்பாலும் இது தலைகீழாக இருக்கிறது. மூன்றாம் ஆண்டின் இரண்டாம் அரையாண்டில் எந்த முடிவு கிடைக்கும் என்று விண்ணப்பத்திலேயே கட்டம் போட்டுக் காட்ட வேண்டும். கிடைத்த தரவு எங்கே போகும் என்பது பற்றிய கேள்வி ஒரு பத்தியில் முடிந்துவிடும்.

இந்தியா மனித மரபணுத்தொகுதித் திட்டத்தில் சேரவில்லை. ஆறு நாடுகளின் கூட்டமைப்பில் வளரும் நாடு என்று இருந்தது சீனா மட்டும். 1999இல் கடைசியாக வந்து, ஒரு விழுக்காட்டுப் பங்கை வாங்கிக்கொண்டது. அந்த ஒரு விழுக்காட்டுக்காகத் தொடங்கப்பட்ட பெய்ஜிங் நிறுவனம்தான் பின்னாளில் உலகச் சந்தையில் இயந்திரம் விற்கும் பி.ஜி.ஐ. ஆனது. இந்தியா நெல் மரபணுத்தொகுதியின் பன்னாட்டுத் திட்டத்தில் பதினோராம் குரோமோசோமில் ஒரு பகுதியைச் செய்தது. 2009இல் டெல்லி நிறுவனமொன்று ஓர் இந்தியரின் முழு வரிசையை அறிவித்தது. பெரிய முயற்சி என்று சொல்லத்தக்கது 2020இல் உயிரித் தொழில்நுட்பத் துறை ஒப்புதல் தந்த ஜீனோம் இந்தியா திட்டம். பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தின் மூளை ஆய்வு மையம் ஒருங்கிணைக்க, 20 நிறுவனங்கள் சேர்ந்து, 83 மக்கள் குழுக்களிலிருந்து மாதிரிகள் எடுத்து, சுமார் 10,000 பேரின் வரிசையைப் படித்தன.

சொந்தப் பணம் ஏன் வேண்டும் என்பதற்கு மதுரையோடு தொடர்புள்ள சான்று ஒன்றுண்டு. இதயத் தசைப் புரதம் ஒன்றின் மரபணுவில் 25 எழுத்துகள் விடுபட்டுப்போன மாற்றம் தெற்காசியர்களில் சுமார் 4 விழுக்காட்டினரிடம் இருக்கிறது. அது இதயச் செயலிழப்பின் ஆபத்தைப் பலமடங்கு கூட்டுகிறது. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் ஆய்வைத் தொடங்கிய பெருந்துறை தண்டபாணியும், ஐதராபாத் உயிரணு மையத்தின் தங்கராஜும், சக ஆய்வாளர்களும் 2009இல் இதை வெளியிட்டார்கள். ஐரோப்பியர்களிடம் இது கிட்டத்தட்ட இல்லை. 2016இல் எடுத்த கணக்கில், உலகில் நடந்த பெரிய மரபணு–நோய்த் தொடர்பு ஆய்வுகளில் கலந்துகொண்டவர்களில் 81 விழுக்காட்டினர் ஐரோப்பிய வம்சாவளியினர். அவர்களை மட்டும் படித்துக்கொண்டிருந்தால் இந்த 25 எழுத்து கண்ணில் பட்டிருக்காது.

சரி, நம் பணம் எப்படி வருகிறது? மரபணு ஆய்வகத்தில் பெரிய செலவு இயந்திரம் மட்டுமல்ல; உறைபெட்டியில் வைக்க வேண்டிய, காலாவதித் தேதி போட்ட, இறக்குமதி ரசாயனப் பொருள்கள். தவணை பிப்ரவரியில் வந்து, மார்ச் 31க்குள் செலவழித்துப் பயன்பாட்டுச் சான்றிதழ் அனுப்ப வேண்டும் என்றால், தேவைக்கு வாங்குவதா, தேதிக்கு வாங்குவதா? தேதிக்குத்தான் வாங்குகிறார்கள். பாதி காலாவதியாகிக் குப்பைக்குப் போகும். இன்னொரு பக்கம், மாதம் 37,000 ரூபாய் உதவித்தொகை பெறும் இளநிலை ஆய்வாளர் தவணை தாமதமானால் அதையும் எதிர்பார்த்துக் காத்திருக்க வேண்டும். அரசு ஆய்வகங்கள் வாங்கும் அறிவியல் கருவிகளுக்கு 5 விழுக்காடாக இருந்த ஜி.எஸ்.டி. சலுகை 2022 ஜூலையில் நீங்கி, வரி 18 விழுக்காடானது. அரசு ஒரு கையால் தந்த மானியத்தில் ஒரு பங்கை மறு கையால் எடுத்துக்கொண்டது. மானியத் தொகைக்கே வரி கேட்டு ஐ.ஐ.டி. போன்ற நிறுவனங்களுக்கு அறிவிப்பு போன கூத்தும் நடந்தது. 2024 செப்டம்பரில் ஜி.எஸ்.டி. மன்றம் விலக்கு தந்தபின் அது ஓய்ந்தது.

இவையெல்லாம் சரிசெய்யக்கூடிய நிர்வாகக் குறைகள். தரவின் நிபந்தனை அதைவிடக் கடினமானது. ஜீனோம் இந்தியா 10,000 வரிசைகளை முடித்ததாக 2024 பிப்ரவரியில் அறிவிப்பு வந்தது. ஃபரிதாபாத்திலுள்ள இந்திய உயிரியல் தரவு மையத்தின் வழியாக ஆய்வாளர்களுக்கு அது திறக்கப்பட்டது 2025 ஜனவரி 9 அன்று. அதுவும் விண்ணப்பித்து அனுமதி பெற்றே. பெர்முடா விதியோடு ஒப்பிட்டு இதைக் குறை சொல்வது எளிது, ஆனால் நியாயமாகாது. பொதுத் திட்டத்தின் வரிசையில் பெரும்பகுதி பஃபலோ நகரில் செய்தித்தாள் விளம்பரம் பார்த்து ரத்தம் தந்த, பெயர் வெளியிடப்படாத ஒருவருடையது. இங்கே இருப்பது 83 குழுக்களின் உயிரியல் விவரம், சாதியும் குலமும் கலந்த விவரம். ஆப்பிரிக்காவில் அமெரிக்க அரசும் வெல்கமும் 2010இல் தொடங்கிய எச்3 ஆப்பிரிக்கா திட்டம் இந்தச் சிக்கலைத் தெரிந்தே கையாண்டது. மானியத்தை ஆப்பிரிக்க நிறுவனம்தான் பெற வேண்டும். தரவை வெளிநாட்டவர் பயன்படுத்திக் கட்டுரை போடும் முன் உள்ளூர் ஆய்வாளருக்கு ஏறக்குறைய இரண்டு ஆண்டு அவகாசம் உண்டு. 24 மணி நேரத்துக்கு நேர் எதிரான விதிதான். ஆனால் அதுவும் முன்கூட்டியே எழுதப்பட்ட, எல்லாருக்கும் தெரிந்த விதி. அது நியாயமாக அமைந்ததற்குக் காரணம் அந்த வெளிப்படைத்தன்மை.

நம்மிடம் குறைவது அதுதான். மரபணுவைக் காட்டிக் காப்பீட்டை மறுப்பது பாகுபாடு என்று டெல்லி உயர் நீதிமன்றம் 2018இல் சொன்னது. நாடாளுமன்றம் அதற்கென ஒரு சட்டத்தை இன்னும் இயற்றவில்லை. ரத்தம் தந்தவருக்கு என்ன திரும்பக் கிடைக்கும், அவருடைய குழுவுக்கு முடிவு எந்த மொழியில் சொல்லப்படும் என்பவை மானிய ஆணையில் எண்ணாகவோ விழுக்காடாகவோ இடம்பெறுவதில்லை. வாட்சன் போகிறபோக்கில் அறிவித்த 3 விழுக்காடு அளவுக்குக்கூட இல்லை.

2023இல் சட்டம் இயற்றித் தொடங்கிய அனுசந்தான் தேசிய ஆய்வு அறக்கட்டளைக்கு ஐந்து ஆண்டுகளில் 50,000 கோடி ரூபாய் என்று திட்டம். அதில் 36,000 கோடி அரசுக்கு வெளியிலிருந்து, பெரும்பாலும் தனியாரிடமிருந்து வர வேண்டும் என்று எதிர்பார்க்கிறார்கள். மரபணு ஆய்வுக்கு அதில் ஒரு ரூபாய் வந்தாலும் மூன்று விஷயங்கள் ஆணையிலேயே எழுதப்பட வேண்டும்: தரவு எத்தனை நாளில் வெளிவரும், யார் எந்த விதியில் அதைப் பார்க்கலாம், ரத்தம் தந்தவர்களின் பாதுகாப்புக்கு எத்தனை விழுக்காடு. எழுதிய ஆணையைத் தரவுக்கு முன்பாகவே பொதுவில் வெளியிட வேண்டும். இதைக் கேட்க வேண்டியவர்கள் ஆய்வாளர்கள் மட்டுமல்லர். வரி கட்டுகிற, நாளை ஒரு முகாமில் ரத்தம் தரக் கை நீட்டப்போகிற நாமும்தான்.